வாரம் ஒரு நாள் தந்தை



விடுமுறை நாள்களில் தொலைக்காட்சிப் பெட்டியின்முன் குடும்பம் முழுவதும் அமர்ந்து, வயிறு குலுங்கச் சிரித்துப் பார்க்கும் படங்கள் சில உண்டு. 1996-ஆம் ஆண்டு தீபாவளிக்கு வெளிவந்த 'அவ்வை சண்முகி' அவற்றுள் ஒன்று. ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் சென்றும் அப்படத்தின் பெயரைச் சொன்னவுடன் பெரியவர் முதல் சிறியவர்வரை முகம் மலர்கின்றனர். மடிசார்ப் புடைவையில் கமல்ஹாசன் நடந்துவரும் நடை, அந்த மாமியிடம் மனத்தைப் பறிகொடுத்து நிற்கும் ஜெமினி கணேசனின் தவிப்பு, வீட்டுக்காரராக வரும் மணிவண்ணனின் அசட்டுச் சிரிப்பு, 'கிரேசி' மோகனின் உரையாடல் ஆகியவை எல்லாருக்கும் மனப்பாடம்.

ஆனால் அச்சிரிப்பின் அடியில் கிடக்கும் செய்தி பலருக்கு நினைவில் நிற்பதில்லை. விவாகரத்து பெற்ற தந்தை ஒருவன், தான் பெற்ற மகளின் அருகில் இருக்க வேறு வழி காணாமல் புனைந்துகொண்ட வேடம் அது. வாசலில் நின்று அழைப்பு மணியை அழுத்தி, 'நான் அப்பா வந்திருக்கிறேன்' என்று சொல்லி உள்ளே நுழைய முடியாத ஒருவன், வேலைக்காரியாக நுழைகின்றான். இம்மாதம் நாம் அந்தத் தந்தையைப் பற்றிச் சற்றுச் சிந்திப்போம்.

கதை வந்த வழி

இக்கதையின் வேர் இங்கிலாந்தில் உள்ளது. ஆன் ஃபைன் என்னும் பெண் எழுத்தாளர் 1987-இல் 'மேடம் டவுட்ஃபயர்' என்றொரு நாவலை எழுதினார். பிரிந்துபோன பெற்றோருக்கு நடுவே மூன்று பிள்ளைகள் படும் பாட்டைச் சொல்லும் அந்நூலில் சிரிப்பும் உண்டு, கசப்பும் உண்டு. அதை அடிப்படையாகக் கொண்டு கிறிஸ் கொலம்பஸ் இயக்கிய அமெரிக்கப் படம் 'மிஸஸ் டவுட்ஃபயர்'. 1993-இல் வெளிவந்த அப்படத்தில் ராபின் வில்லியம்ஸ் தந்தையாகவும் சாலி ஃபீல்ட் தாயாகவும் நடித்தனர். ஒப்பனைக்காக அதற்கு ஆஸ்கார் விருதும் கிடைத்தது. அதைத் தழுவி, கே. எஸ். ரவிக்குமார் இயக்கத்தில் தமிழில் உருவானதே 'அவ்வை சண்முகி'. ஔவையார் வேடத்தில் நாடக மேடையில் புகழ்பெற்ற டி. கே. சண்முகம் அவர்களின் நினைவைத் தாங்கியது அதன் தலைப்பு. பின்னர் 1997-இல் கமல்ஹாசனே அதை 'சாச்சி 420' என்று இந்தியில் எடுத்தார்.

தமிழ்ப் படத்தில் அந்தத் தந்தைக்குப் பெண்வேடம் இட்டுவிடும் ஒப்பனைக்காரராக நாகேஷ் வருகின்றார். அப்பாத்திரத்தின் பெயர் ஜோசப். தந்தையர்க்கெல்லாம் பாதுகாவலரான புனித சூசையப்பரின் பெயரைத் தாங்கியவர், தந்தை ஒருவனைப் பிள்ளையிடம் கொண்டுசேர்க்க உதவுகின்றார். கதை எழுதியவர்கள் இதை எண்ணிச் செய்தார்களோ இல்லையோ, நம் வாசகர்கள் எண்ணிப் புன்னகை செய்யலாம்.

அமெரிக்கப் படத்தின் கதையையே இங்குச் சற்று விரிவாகக் காண்போம். இக்கதை முதலில் திரையேறிய வடிவம் அதுதான்; முடிவில் நம்மைச் சிந்திக்க வைப்பதும் அதுவே.

நல்ல தோழன், பொறுப்பற்ற தலைவன்

சான் பிரான்சிஸ்கோ நகரில் வாழும் டேனியல், கேலிச்சித்திரப் படங்களுக்குக் குரல் கொடுக்கும் நடிகன். பிள்ளைகள் என்றால் அவனுக்கு உயிர். ஆனால் எந்த வேலையிலும் நிலைத்து நிற்பதில்லை. சிறுவர் பார்க்கும் படத்தில் ஒரு பாத்திரம் புகைபிடிப்பதாகக் காட்டுவது தவறு என்று வாதாடி, வேலையை விட்டுவிட்டு வருகின்றான். அவன் சொன்ன காரணம் நியாயமானதே. அன்று மாலையே, மகனின் பிறந்தநாள் என்று ஆட்டையும் குதிரைக் குட்டியையும் வீட்டுக்குள் வரவழைத்து, ஊரைக் கூட்டிக் கொண்டாட்டம் நடத்துகின்றான். காவலர் வாசலுக்கு வருகின்றார். அலுவலகத்திலிருந்து களைத்து வரும் மனைவி மிராண்டாவுக்கு எஞ்சுவது சிதைந்து கிடக்கும் வீடு. பதினான்கு ஆண்டு இல்லறம் அன்றிரவே உடைகின்றது.

உலகத்தார் பார்வையில் இதில் பெருங்குற்றம் ஏதுமில்லை. அவன் குடிக்கவில்லை, மனைவியை அடிக்கவில்லை, பிறன்மனை நாடவில்லை. குடும்பச் சுமையைத் தூக்க ஒருத்தி, மகிழ்ச்சியை மட்டும் பகிர ஒருவன் என்று வீடு இரண்டாகப் பிரிந்துவிட்டது. கண்டிப்பு அனைத்தும் தாயின் பங்கு. கொண்டாட்டம் அனைத்தும் தந்தையின் பங்கு. எனவே பிள்ளைகளின் கண்ணில் அவன் நல்லவன், அவள் கடுமையானவள். நம் ஊர்களிலும் இத்தகைய தந்தையர் இல்லாமற் போகவில்லை. கையில் மிட்டாய்ப் பொட்டலத்தோடு இரவு வந்து பிள்ளையைத் தோளில் தூக்கிக்கொள்வார்கள். பள்ளிக் கட்டணத்துக்குக் கடைசி நாள் எது என்று கேட்டால் தாயைத்தான் திரும்பிப் பார்ப்பார்கள்.

நீதிமன்றம் பிள்ளைகளைத் தாயின் பொறுப்பில் விடுகின்றது. தந்தைக்குச் சனிக்கிழமை மட்டும். மூன்று மாதத்துக்குள் நிலையான வேலையும் தகுந்த வீடும் தேடிக்கொண்டால் மறுபடியும் பார்க்கலாம் என்கின்றார் நீதிபதி. வேலை முடிந்து தான் வரும்வரை பிள்ளைகளைக் கவனிக்க ஆள் தேடுகின்றாள் மிராண்டா. 'நானே பார்த்துக்கொள்கிறேனே' என்று டேனியல் கேட்கின்றான். அவள் இசையவில்லை. அவள் கொடுக்கவிருந்த விளம்பரத்தில் தொலைபேசி எண்ணை மாற்றி எழுதிவிட்டு, விதவிதமான குரல்களில் தகுதியற்றவர்கள் போல அவனே பேசி அவளைச் சலிப்படையச் செய்கின்றான். கடைசியில் பண்பட்ட முதிய மாதின் குரலில் பேசி வேலையைப் பெற்றுவிடுகின்றான். பெயர் என்ன என்று கேட்டபோது, எதிரே கிடந்த செய்தித்தாளின் தலைப்பில் கண்ட இரண்டு சொற்களை ஒட்டவைத்து, 'டவுட்ஃபயர்' என்கின்றான்.

கணவனாய்க் கேளாததை வேலைக்காரியாய்க் கேட்டான்

இதன்பின் வரும் கூத்துகள் அனைத்தையும் விவரிக்கப் பக்கம் போதாது. முதல்நாள் சமைக்கப் போய் மார்பில் தீப்பற்றிக்கொள்கின்றது. உணவகத்திலிருந்து வரவழைத்த உணவைத் தன் கைப்பக்குவம் என்று பரிமாறுகின்றான். நீதிமன்றத்தின் சார்பில் வீட்டைப் பார்வையிட வந்த அம்மையார்முன் முகமூடி இல்லாமல் அகப்பட்டுக்கொண்டு, கேக்கின்மேல் பூசும் சர்க்கரைக் குழம்பில் முகத்தைப் புதைத்து எழுந்து நிற்கின்றான்.

ஆனால் சிரித்துக்கொண்டிருக்கும்போதே ஒரு மாறுதல் நிகழ்கின்றது. வேடத்துக்குள் புகுந்த டேனியல், பிள்ளைகளின் வீட்டுப்பாடத்தைக் கவனிக்கின்றான். தொலைக்காட்சியை நிறுத்தச் சொல்கின்றான். ஆளுக்கொரு வேலை கொடுக்கின்றான். மெய்யாகவே சமைக்கக் கற்றுக்கொள்கின்றான். தந்தையாக இருந்தபோது செய்யாத கடமைகளையெல்லாம் தாதியாக வந்து செய்கின்றான்.

அதைவிடச் சிறந்த காட்சி ஒன்று உண்டு. ஒருநாள் மிராண்டா இந்த முதியவளிடம் தன் இல்வாழ்வைப் பற்றி மனம்விட்டுப் பேசுகின்றாள். தன் கணவனோடு எதையும் பொறுப்பாகப் பேசித் தீர்க்க முடியவில்லை என்றும், எத்தனையோ இரவுகள் அழுதுகொண்டே உறங்கியதாகவும், அவனோடு வாழ்ந்தபோது தான் மாறிவந்த விதம் தனக்கே பிடிக்காமற் போயிற்று என்றும் சொல்கின்றாள். 'இதையெல்லாம் அவரிடம் ஏன் சொல்லவில்லை?' என்று திகைக்கின்றது வேடத்துக்குள் இருக்கும் கணவனின் உள்ளம். அவள் அழுதது அவனுக்கு அன்றுதான் தெரிகின்றது. பதினான்கு ஆண்டுகள் ஒரே கூரையின் கீழ் வாழ்ந்தவன் கேளாததை, கூலிக்கு வந்த கிழவி அரைமணி நேரத்தில் கேட்டுவிடுகின்றாள்.

மணமாகி வாழும் தம்பதியரே, இக்காட்சி உங்களுக்கே உரியது. உங்கள் மனைவி பக்கத்து வீட்டுப் பெண்ணிடம் சொல்வது உங்கள் காதுக்கு வருகின்றதா? உங்கள் கணவர் தம் நண்பரிடம் மட்டும் சொல்லி ஆறுதல் தேடும் கவலை என்ன என்று நீங்கள் அறிவீர்களா? குடும்பத் தகராறு என்று பங்குப் பணியகத்துக்கு வருகின்றவர்கள் எம்முன் அமர்ந்து பேசும்போது, 'இதை இவர் இதுவரை சொன்னதே இல்லை, சுவாமி' என்று மற்றவர் வியப்போடு சொல்வதை நாம் பலமுறை கேட்டிருக்கின்றோம். சொன்னவர் உண்டு, செவிமடுத்தவர்தாம் இல்லை.

இரண்டு முடிவுகள்

தமிழ்ப் படமும் அமெரிக்கப் படமும் ஒரே பாதையில் வந்து, கடைசியில் வெவ்வேறு திசையில் பிரிகின்றன. தமிழில் பாண்டியனும் ஜானகியும் மீண்டும் ஒன்றுசேர்கின்றனர். குழந்தை பாரதிக்குத் தாயும் தந்தையும் ஒருங்கே கிடைக்கின்றனர். நாம் நிறைந்த மனத்தோடு எழுந்து செல்கின்றோம்.

அமெரிக்கப் படத்திலோ, மிராண்டாவை நாடிவரும் புதிய மனிதரோடு நடக்கும் விருந்தில் குட்டு வெளிப்படுகின்றது. அந்த மனிதரின் உடலுக்கு ஒவ்வாத காரப்பொடியைப் பொறாமையால் உணவில் தூவிய டேனியல், அவர் மூச்சுத் திணறும்போது தானே ஓடிச்சென்று காப்பாற்றுகின்றான். அந்தப் போராட்டத்தில் முகமூடி கிழிகின்றது. நீதிபதி முன்னிலும் கடுமையாகத் தீர்ப்பளிக்கின்றார். இனிச் சனிக்கிழமைகளிலும் மற்றொருவரின் கண்காணிப்பில்தான் அவன் பிள்ளைகளைக் காணலாம். பின்னர் மிராண்டாவின் மனம் இளகுகின்றது. கண்காணிப்பு நீங்குகின்றது. நாள்தோறும் பள்ளி விட்டபின் பிள்ளைகள் தந்தையோடு இருக்க அவள் இசைகின்றாள். எனினும் கணவனும் மனைவியுமாக அவர்கள் சேரவில்லை. டவுட்ஃபயர் அம்மையாராகத் தொலைக்காட்சியில் தோன்றும் டேனியல், பெற்றோர் பிரிந்த ஒரு சிறுமியின் கடிதத்துக்கு மறுமொழி கூறுவதோடு படம் முடிகின்றது. பெற்றோர் பிரிந்தது பிள்ளையின் குற்றம் அன்று என்பதும், அன்பு இருக்குமிடத்தில் உறவு அற்றுப்போவதில்லை என்பதும் அவ்விடையின் சாரம்.

இவ்விருவரையும் சேர்த்துவைக்கலாகாது என்று படத்தை எடுத்தவர்கள் உறுதியாக இருந்தனர். பெற்றோர் பிரிந்த பிள்ளைகள் பலர், அவர்கள் மீண்டும் சேர்வார்கள் என்று ஆண்டுக்கணக்கில் காத்திருந்து ஏமாறுகின்றனர். அந்த வீண் கனவைத் திரையில் வளர்க்கலாகாது என்பது அவர்கள் எண்ணம். அப்படத்தின் நாயகர் ராபின் வில்லியம்ஸ் தாமே முன்பு விவாகரத்தைக் கண்டவர். மூன்று பிள்ளைகளுக்குத் தந்தை.

'சுவாமி, நமக்கு ஏற்றது தமிழ் முடிவுதானே?' என்று வாசகர்கள் கேட்கலாம். திருமணப் பிணைப்பு மனிதர் பிரிக்கலாகாதது என்று ஆண்டவர் கற்பித்ததை நாம் நம்புகின்றோம். பிரிந்தோர் சேர்வதைக் காட்டிலும் இனியது வேறில்லை. ஆனால் தமிழ் முடிவு நம்மை எளிதில் வீட்டுக்கு அனுப்பிவிடுகின்றது என்பதையும் சொல்லத்தான் வேண்டும். ஒரு வேடமும் நான்கு கூத்தும் போதும், உடைந்த வீடு ஒட்டிக்கொள்ளும் என்று நம்ப வைக்கின்றது. நம் பங்கில் சேராமலே போனவர்களும் இருக்கின்றனரே! அவர்களுடைய பிள்ளைகள் ஞாயிறு மறைக்கல்வி வகுப்பில் நம் பிள்ளைகளோடு அமர்ந்திருக்கின்றனரே! அவர்களுக்கு நாம் சொல்லும் செய்தி என்ன? இக்கேள்வியை அமெரிக்கப் படம் நம்முன் வைக்கின்றது. எனவேதான் அதன் முடிவை நாம் ஒதுக்கிவிட முடியவில்லை.

மற்றொன்றையும் மறக்கலாகாது. திரையில் சிரிப்பூட்டும் இந்த வேடம், நடைமுறையில் கொடிய வஞ்சனை. மனைவி அறியாமல் அவள் இல்லத்துள் புகுந்து, அவள் மனத்தின் இரகசியங்களைக் கேட்பது எந்தக் கணவனுக்கும் உரிமையன்று. இதை விளையாட்டாகப் பார்க்க முடிவது, டேனியல் கையோங்காதவன் என்று நாம் அறிந்திருப்பதனால்தான். கணவனின் அடிக்கு அஞ்சிப் பிரிந்து வாழும் ஒரு பெண்ணுக்கு இக்கதை நகைச்சுவையாக இராது. பிரிந்த தந்தையர் எல்லாரும் வஞ்சிக்கப்பட்டவர்கள் அல்லர். சில பிரிவுகள் தாயையும் பிள்ளையையும் உயிரோடு காத்தவை.

சட்டம் சொல்வது

டேனியல் வாழ்ந்த கலிபோர்னியா மாநிலத்துக்கு இவ்விஷயத்தில் தனி இடம் உண்டு. ஒருவர்மீது ஒருவர் குற்றம் நிரூபிக்காமலே விவாகரத்து பெறலாம் என்ற சட்டத்தை அமெரிக்காவில் அம்மாநிலமே முன்னின்று இயற்றிற்று. 1969-இல் ஆளுநர் ரானல்ட் ரீகன் கையொப்பமிட்ட அச்சட்டம், 1970 ஜனவரி முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. பத்தாண்டுக்குள் அதன் விளைவு பிள்ளைகள்மேல் விழுவதைக் கண்டு, பிரிந்த பெற்றோர் இருவரும் பிள்ளை வளர்ப்பில் பங்குகொள்ள வழிசெய்யும் சட்டத்தையும் 1979-இல் அம்மாநிலமே இயற்றிற்று. முதலில் கதவைத் திறந்தவர்கள், அக்கதவில் பிள்ளைகளின் விரல் நசுங்குவதைக் கண்டு அடுத்த சட்டத்தைத் தேடினார்கள்.

நம் நாட்டில் கிறிஸ்தவர்களுக்குரியது 1869-ஆம் ஆண்டின் விவாகரத்துச் சட்டம். கணவன் விலக்குப்பெற மனைவியின் விபசாரம் ஒன்றே போதும். மனைவியோ அதோடு கொடுமை, கைவிடல் போன்ற மற்றொரு குற்றத்தையும் சேர்த்து நிரூபிக்க வேண்டும் என்ற ஓரவஞ்சனை அதில் நெடுங்காலம் இருந்தது. 2001-ஆம் ஆண்டுத் திருத்தம் அதை நீக்கியதோடு, இருவர் இசைவுடன் பிரியும் வழியையும் சேர்த்தது. பிள்ளை யாரிடம் வளர்வது என்பதை முடிவு செய்கையில், 1890-ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டப்படியும் நீதிமன்றத் தீர்ப்புகளின்படியும் பிள்ளையின் நலனே தலையாயது. 1984-ஆம் ஆண்டுச் சட்டத்தால் அமைந்த குடும்ப நீதிமன்றங்கள், வழக்கைத் தீர்க்குமுன் இருவரையும் இணக்கப்படுத்த முயல வேண்டும் என்பது விதி. பெற்றோர் இருவரும் பொறுப்பைப் பகிர்ந்துகொள்ளும் முறைக்குச் சட்டத்தில் இடம் வேண்டும் என்று இந்தியச் சட்ட ஆணையம் 2015-இல் தன் 257-ஆம் அறிக்கையில் பரிந்துரைத்தது.

நீதிமன்றம் நாளையும் நேரத்தையும் பகிர்ந்து கொடுக்க முடியும். 'உன் அப்பா வந்திருக்கிறார், போய்ப் பேசு' என்று தாய் சொல்லும்போது குரலில் இருக்க வேண்டிய கனிவை எந்த நீதிபதியும் ஆணையாகப் பிறப்பிக்க முடியாது.

திருச்சபை சொல்வது

இங்கு நம்மிடையே நிலவும் சில தவறான எண்ணங்களை அகற்றுவது நலம்.

தம்பதியர் எந்நிலையிலும் ஒரே கூரையின் கீழ் இருந்தே தீர வேண்டும் என்று திருச்சபை சொல்வதில்லை. துணைவருக்கோ பிள்ளைகளுக்கோ உடலாலும் உள்ளத்தாலும் பெருங்கேடு நேருமாயின் பிரிந்து வாழ்வதற்கு 1983-ஆம் ஆண்டின் திருச்சபைச் சட்டத் தொகுப்பு 1153-ஆம் விதியில் இடம் தருகின்றது. பிணைப்பு நிலைத்திருக்க, வாழ்வு பிரிந்திருக்கும். அப்படிப் பிரிந்தபின் பிள்ளைகளின் பராமரிப்புக்கும் கல்விக்கும் தக்க ஏற்பாடு எப்போதும் செய்யப்பட வேண்டும் என்று அடுத்த விதியே கட்டளையிடுகின்றது. நம் சட்டத் தொகுப்பு பிள்ளையை மறந்துவிடவில்லை.

அடுத்து, நீதிமன்றத்தில் விவாகரத்து பெற்றவர் என்பதனாலேயே ஒருவர் நற்கருணைக்கு அயலார் ஆகிவிடுவதில்லை. விரும்பாமலே பிரிவுக்கு ஆளாகி, மறுமணம் செய்யாமல் வாழ்கின்றவர்க்கு அருட்சாதனங்களைப் பெற இதனால் தடையேதும் இல்லை. திருத்தந்தை இரண்டாம் ஜான் பால் 1981-இல் குடும்பத்தைப் பற்றி வெளியிட்ட மடலில் இதைத் தெளிவுபடுத்தினார். இதை அறியாமல், கோவிலின் கடைசித் தூண் ஓரமாக ஆண்டுக்கணக்கில் நின்று திரும்பிச் செல்லும் ஆண்களும் பெண்களும் நம்மிடையே உண்டு. அவர்களை அங்கே நிறுத்தியது திருச்சபையின் சட்டம் அன்று; நம்முடைய பார்வையும் முணுமுணுப்பும்.

மூன்றாவதாக, மறைமாவட்ட நீதிமன்றத்தில் திருமணம் செல்லாதது என்று தீர்ப்பாகிவிட்டால் பிள்ளைகள் முறைகேடாகப் பிறந்தவர் ஆகிவிடுவர் என்று அஞ்சுகின்றனர். நல்லெண்ணத்தோடு செய்துகொண்ட திருமணத்தில் பிறந்த பிள்ளைகள் முறையான பிள்ளைகளே என்று 1137-ஆம் விதி உறுதி கூறுகின்றது. வழக்கு என்றால் பல ஆண்டுகள் இழுக்கும் என்ற அச்சமும் வேண்டா. 2015-இல் திருத்தந்தை பிரான்சிஸ் அந்நடைமுறையை எளிமையாக்கினார்.

அதே திருத்தந்தை 2016-இல் வெளியிட்ட 'அன்பின் மகிழ்ச்சி' என்னும் ஊக்கவுரையில், பிரிந்த பெற்றோரைப் பார்த்து மன்றாடும் குரலில் ஒன்று சொல்கின்றார். பிள்ளையைப் பிணையாளாக ஒருபோதும் ஆக்காதீர்கள் என்பதே அது. ஒருவர் மற்றவரைப் பற்றி இழிவாகப் பேசக் கேட்டு வளரும் சுமை பிள்ளையின் தோளுக்கு ஏற்றதன்று.

சாலமோனின் வாள்

சாலமோன் மன்னர்முன் ஒரே குழந்தையைத் தனதென்று சொல்லி நின்ற இரண்டு பெண்களின் வழக்கு நாம் அறிந்ததே. குழந்தையை இரண்டாக வெட்டிக் கொடுங்கள் என்று மன்னர் வாளைக் கேட்டபோது, பெற்றவள் தன் உரிமையை விட்டுக்கொடுத்தாள். குழந்தை உயிரோடு இருந்தால் போதும் என்றாள். விட்டுக்கொடுத்ததனாலேயே தாய் இன்னாள் என்று மன்னர் அறிந்துகொண்டார்.

இன்று அந்த வாள் வேறு உருவில் வருகின்றது. சில ஆண்டுகளுக்குமுன் ஒரு முதல் நற்கருணை விழாவில் நாம் கண்ட நிகழ்ச்சி இது. திருப்பலி முடிந்து, ஒவ்வொரு பிள்ளையும் பெற்றோரோடு பீடத்தின்முன் நின்று நிழற்படம் எடுத்துக்கொண்டிருந்தது. ஒரு சிறுவனின் முறை வந்தது. தாய் தம் உறவினரோடு ஒருபுறம். செய்தி கேட்டு வெளியூரிலிருந்து வந்திருந்த தந்தை கதவோரம். 'யாரோடு தம்பி நிற்கிறாய்?' என்று நிழற்படக்காரர் இயல்பாகக் கேட்டுவிட்டார். வெள்ளை உடையும் கையில் மெழுகுதிரியுமாக நின்ற அச்சிறுவன் தலையைக் குனிந்து, 'நான் எடுத்துக்கொள்ளவில்லை' என்றான்.

ஒருவர் பக்கம் நின்றால் மற்றவர் மனம் நோகும் என்று ஒன்பது வயதில் அவன் கணக்கிட்டுவிட்டான். அங்கு நின்ற பெரியவர்களில் விட்டுக்கொடுத்தவன் அவன் ஒருவனே. சற்று நேரத்தில் அவனுடைய தாய்வழிப் பாட்டி கதவோரம் நடந்துசென்று, 'மாப்பிள்ளை, நீங்களும் வாருங்கள். பிள்ளைக்காக' என்று அழைத்தார். மூவரும் நின்று ஒரு படம் எடுக்கப்பட்டது. குடும்பம் சேர்ந்துவிடவில்லை, இன்றும் அவர்கள் தனித்தனியேதான் வாழ்கின்றனர். ஆயினும் அந்தப் பையன் வீட்டுச் சுவரில் அப்படம் தொங்குகின்றது. அந்தப் பாட்டி எந்த இறையியலும் படித்தவர் அல்லர்.

நாம் செய்யக்கூடியவை

பிரிந்து வாழும் தந்தையரே, உங்களுக்கு விதிக்கப்பட்ட நாள் வாரத்தில் ஒன்றேயாயினும் தவறாமல் செல்லுங்கள். வருவதாகச் சொல்லி வராமற்போகும் ஒரு சனிக்கிழமை, பிள்ளையின் மனத்தில் பல மாதம் ஆறாது. விளையாட்டுப் பொருள்களால் அன்பை விலைக்கு வாங்க முயலாதீர்கள். டேனியலுக்கு விடிவு வந்தது, சமையலும் வீட்டுப்பாடமும் கற்றுக்கொண்ட பின்னரே. பராமரிப்புத் தொகையை, நீதிமன்றம் கேட்டாலும் கேளாவிட்டாலும், நாள் தவறாது அனுப்புங்கள். பிள்ளைகளுக்கு எரிச்சல் மூட்டி அவர்களைச் சோர்வடையச் செய்யாதிருங்கள் என்று புனித பவுல் தந்தையர்க்கே எழுதினார் அன்றோ!

பிள்ளையை வளர்க்கும் தாய்மாரே, உங்கள் காயம் உண்மையானது. அதை நாம் சிறிதாக்கவில்லை. ஆபத்து இல்லாதவிடத்து, தந்தையிடம் செல்லும் பிள்ளையை முகம் வாடாமல் அனுப்புங்கள். திரும்பி வந்ததும் அங்கு யார் இருந்தார், என்ன சொன்னார் என்று துருவிக் கேளாதீர்கள். உங்களுக்கு அவர் நல்ல கணவராக இல்லாதிருக்கலாம். பிள்ளைக்கு அவர் ஒருவரே தந்தை.

தாத்தா பாட்டிமாரே, இத்தகராறுகளில் எண்ணெய் ஊற்றவும் நீர் ஊற்றவும் உங்களால் முடியும். 'அவ்வை சண்முகி'யில் மாமனாரின் பணமும் கௌரவமும் இளந்தம்பதியரின் நடுவே சுவராக நின்றதைக் கண்டீர்கள். நாம் சொன்ன பாட்டியோ அச்சுவரில் ஒரு வாசல் திறந்தார்.

பங்குமக்களே, அன்பியக் கூட்டத்துக்குத் தனியாக வரும் தந்தையிடம், 'வீட்டில் வரவில்லையா?' என்று பலர்முன் கேட்பதைத் தவிர்ப்போம். பெற்றோர் இருவர் கையொப்பமும் வேண்டும் என்று பள்ளியிலும் மறைக்கல்வியிலும் கொடுக்கும் தாள்கள், சில பிள்ளைகளைக் கண்ணீரில் ஆழ்த்துவதை ஆசிரியர்கள் அறிய வேண்டும். 'குடும்ப ஞாயிறு' அன்று முழுக் குடும்பங்களை மட்டும் மேடையேற்றிப் பரிசளிக்கும் வழக்கத்தையும் மறுசிந்தனை செய்வோம்.

திருமணத்துக்கு ஆயத்தம் செய்யும் இளைஞரே, இவ்விரு படங்களையும் சேர்ந்து பாருங்கள். சிரித்து முடித்தபின், இந்த இல்லம் எந்த நாளில் உடையத் தொடங்கிற்று என்று ஒருவரையொருவர் கேட்டுக்கொள்ளுங்கள். விவாகரத்து கேட்ட இரவில் என்று விடை வருமாயின் மீண்டும் ஒருமுறை பாருங்கள்.

அடுத்த விடுமுறையில் அவ்வை சண்முகி மாமி உங்கள் வீட்டுத் திரைக்கு வரும்போது வழக்கம்போல் சிரியுங்கள், அதில் பிழையில்லை. பின்னர், உங்கள் தெருவில் வேடம் புனையத் தெரியாத தந்தை ஒருவர் இருப்பாராயின், அந்த ஞாயிற்றுக்கிழமை அவரை உங்கள் இருக்கையில் அருகில் அமர்த்திக்கொள்ளுங்கள். நம் எல்லாருக்கும் தந்தையான இறைவன், உடைந்த இல்லங்களையும் உடையாத இல்லங்களையும் தம் கையில் ஏந்திக் காப்பாராக.